"அவங்க அப்படித்தான்": அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நான்கு வருஷமாக, மாதத்தின் இரண்டாவது ஞாயிறு சாயங்காலம் கடலூர் தேவனாம்பட்டினம் கடற்கரையில் கொஞ்சம் பேர் உட்கார்ந்து பேசுகிறோம். பேர் கிடையாது, பேனர் கிடையாது. குப்பத்திலிருந்து இரண்டு மூன்று பேர், காலனியிலிருந்து நாலைந்து பேர், மஞ்சக்குப்பத்து ஆபீஸ்காரர்கள், முதுநகரிலிருந்து ஒரு முஸ்லிம் குடும்பம், பாகூரிலிருந்து பஸ் ஏறி வருகிற ஒரு விவசாயி என்று பத்துப் பதினைந்து பேர் தேறும். சாதி, மதம், ஊர், மொழி என்று ஒருவரை ஒருவர் தள்ளி வைத்திருக்கிறோமே, அதைப் பற்றித்தான் பேச்சு. புதிதாக வருகிறவர்கள் ஏறக்குறைய ஒரே கேள்விகளைக் கேட்கிறார்கள். ஒவ்வொரு முறையும் சொல்லிச் சொல்லி எனக்கு வாய் வலிக்கிறது, அதனால் எழுதி வைக்கிறேன். நான் பள்ளிக்கூட டீச்சர், ஆராய்ச்சி செய்கிற ஆள் இல்லை. படித்ததும் பட்டதும் கலந்துதான் இருக்கும்.

இது சாதி ஒழிப்புக் கூட்டமா, கட்சிக் கூட்டமா, மதப் பிரசாரமா?

மூன்றும் இல்லை. யாரையும் திருத்தி அனுப்புகிற வேலை எங்களுக்குக் கிடையாது. ஒரே ஒரு விதி உண்டு. யாராவது "அவங்க எல்லாம்..." என்று ஆரம்பித்தால் பக்கத்தில் இருப்பவர் "எவங்க? ஒருத்தர் பேரைச் சொல்லுங்க" என்று கேட்கலாம். பாதி நாள் அது சிரிப்பில் முடியும், மீதி நாள் சண்டையில்.

'நாங்க, அவங்க' என்கிற நினைப்பு எங்கிருந்துதான் வருகிறது?

நான் தினமும் கடலூரிலிருந்து பாண்டிப் பக்கம் வேலைக்குப் போகிறவள். முள்ளோடை தாண்டினால் பாண்டி. காலையில் தாண்டும் முன்பே பின்சீட்டில் யாராவது "பாண்டிக்காரனுங்களுக்கு என்னப்பா, பெட்ரோல்லேருந்து எல்லாம் கம்மி விலை" என்பார். சாயங்காலம் அதே வழியில் திரும்பும்போது இன்னொருவர் "டிஎன் 31 வண்டிங்க வந்துதான் நம்ம ரோடே நாறுது" என்பார். இரண்டு பக்கமும் ஒரே பேச்சு, ஒரே குலதெய்வம், ஒரே மீன் குழம்பு. பாதிப் பேருக்குப் பெண் கொடுத்த வீடோ எடுத்த வீடோ கோட்டுக்கு அந்தப் பக்கம். பிரெஞ்சுக்காரனும் இங்கிலீஷ்காரனும் பங்கு போட்டபோது விழுந்த கோடு அது. 1954-லேயே பிரெஞ்சு ஆட்சி போய்விட்டது, கோடு மட்டும் நம்பர் பிளேட்டில் உட்கார்ந்திருக்கிறது.

இவ்வளவு பழைய கோடுகூட வேண்டியதில்லை என்று ஹென்றி தாஜ்ஃபெல் என்ற உளவியல்காரர் 1970 வாக்கில் இங்கிலாந்தின் பிரிஸ்டல் நகரத்துப் பள்ளிப் பையன்களை வைத்துக் காட்டினார். ஓவியங்களைக் காட்டி, உனக்கு இந்த ஓவியர் பிடித்திருக்கிறது, நீ இந்தக் குழு, உனக்கு அவர், நீ அந்தக் குழு என்று பிரித்தார். உண்மையில் பிரித்தது குலுக்கல் முறையில்தான். தன் குழுவில் வேறு யார் இருக்கிறார்கள் என்றுகூடப் பையன்களுக்குத் தெரியாது, முகம் பார்க்கவில்லை. அப்புறம் காசைப் பங்கிடச் சொன்னால் தன் குழுவுக்கு அதிகம் கொடுத்தார்கள். இதில் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது வேறொன்று: தன் குழுவுக்குக் கிடைப்பது கொஞ்சம் குறைந்தாலும் பரவாயில்லை, அந்தக் குழுவைவிட நாம் மேலே இருந்தால் போதும் என்று நிறையப் பேர் பங்கிட்டார்கள்.

அதற்காக எல்லாவற்றையும் "மனித சுபாவம்" என்று மூட்டை கட்டிவிடக் கூடாது. பஸ்ஸில் பேசும் பாண்டி-கடலூர் கிண்டலால் யாருக்கும் உயிர் போவதில்லை. ஊர், காலனி என்கிற பிரிவு அப்படி இல்லை. அதற்குப் பின்னால் நிலம் இருக்கிறது, கூலி இருக்கிறது, சுடுகாட்டுப் பாதை இருக்கிறது. பிரிவினால் யாருக்கோ லாபம் இருந்தால் அது தானாகக் கரையாது. இந்த வித்தியாசத்தை மறந்துவிட்டு "அன்பு காட்டுவோம்" என்று பேசுகிறவர்களைக் கண்டால் எனக்குப் பொறுமை இருப்பதில்லை.

ஒத்துணர்வு, இரக்கம், பரிதாபம் எல்லாம் ஒன்றுதானே?

ஒத்துணர்வு என்பது புத்தகத்து வார்த்தை. வீட்டில் "அவங்க எடத்துல நின்னு பாரு" என்போம். ஆனால் அதிலும் ஒரு சிக்கல் இருக்கிறது, எனக்கே அது 2024 டிசம்பரில்தான் உறைத்தது.

நவம்பர் 30 ராத்திரி ஃபெங்கல் புயல் பாண்டி அருகே கரை கடந்தது. அடுத்த இரண்டு நாளில் சாத்தனூர் அணையிலிருந்து திறந்துவிட்ட தண்ணீர் தென்பெண்ணையில் வந்து கடலூர்ப் பக்கம் ஆற்றங்கரை ஊர்களுக்குள் புகுந்தது. நாங்கள் ஏழெட்டுப் பேர் பழைய புடவை, ரொட்டி பாக்கெட் எல்லாம் கட்டிக்கொண்டு ஒரு ஆட்டோவில் போனோம். அவர்கள் இடத்தில் நான் இருந்தால் என்ன தேவைப்படும் என்று உண்மையாகவே யோசித்துத்தான் கட்டினோம். ஒரு பெரியம்மா புடவையை வாங்கித் திருப்பிப் பார்த்துவிட்டு, "புடவை எதுக்கு பாப்பா? ரேஷன் கார்டு, பேங்க் புஸ்தகம் எல்லாம் தண்ணில போயிடுச்சி. மனு எழுதிக் குடுக்க யாராச்சும் இருந்தா இட்டுகினு வா" என்றார். எங்கள் ஏழெட்டுப் பேரில் மூன்று பேருக்கு மனு எழுதுவதே தொழில் மாதிரி. நாங்கள் ரொட்டியோடு போயிருக்கிறோம்! மறுநாள் பேப்பரும் பேனாவுமாகப் போய் மூன்று நாள் எழுதினோம்.

இதைப் பற்றி 2018-ல் ஒரு ஆய்வு வந்தது. இருபத்தைந்து சோதனைகள் செய்து பார்த்திருக்கிறார்கள். இன்னொருவர் நிலையில் தன்னை வைத்துக் கற்பனை செய்து பார்ப்பதால் அவர் மனதை நாம் சரியாகப் புரிந்துகொள்வது கூடவே இல்லை, ஆனால் புரிந்துவிட்டது என்ற நம்பிக்கை மட்டும் சில சமயம் கூடுகிறது. எது உதவியது என்றால் அவரிடமே கேட்பது. அவ்வளவுதான். எங்கள் கூட்டத்தில் நான் சொல்ல நினைப்பதும் இது ஒன்றுதான்: நினைத்துப் பார்க்காதீர்கள், கேட்டுப் பாருங்கள்.

பரிதாபத்துக்கு இந்தத் தொல்லை இல்லை. அது கேட்காமலே கொடுத்துவிட்டு வந்துவிடும்.

நான் யாரையும் பிரித்துப் பார்ப்பதில்லை. எனக்கு எதற்கு இதெல்லாம்?

நானும் அப்படித்தான் சொல்லிக்கொண்டிருந்தேன். என் வீட்டில் வேலை செய்த அக்காவுக்கு ஒரு எவர்சில்வர் டம்ளர் அடுப்படி ஜன்னல் ஓரமாகத் தனியாக இருக்கும். மாமியார் காலத்து ஏற்பாடு. மாமியார் போய்ப் பல வருஷம் ஆன பிறகும் அது அங்கேயே இருந்தது, நான்தான் தினமும் அதில் காபி ஊற்றினேன். ஐந்தாவது படித்த என் பெண் ஒரு நாள் தண்ணீர் குடிக்க அதை எடுத்தபோது "அது வேண்டாம், வேற எடு" என்று என் வாய் தானாகச் சொன்னது. ஏம்மா என்றாள். சொல்வதற்கு ஒரு பதிலும் இல்லை. வகுப்பறையில் சமத்துவம் பற்றிக் கட்டுரை எழுத வைக்கிற டீச்சர்.

எனவே இந்தக் கேள்வியை யாராவது கேட்டால் நான் திரும்பச் சில கேள்விகள் கேட்பேன், கோபித்துக்கொள்ளக் கூடாது. உங்கள் அடுப்படி வரை வந்திருப்பவர்கள் யார் யார்? கடைசியாக நீங்கள் சாப்பிடப் போன மூன்று வீடுகள் யாருடையவை? வாடகைக்கு வீடு கேட்டு வந்தவரிடம் "சொந்த ஊர் எது, ஊர்ல எந்தத் தெரு" என்று எதற்காகக் கேட்டீர்கள்? "சைவம் மட்டும்" என்று பலகை மாட்டியது நிஜமாகவே மீன் வாசனைக்காகத்தானா?

சேர்ந்து பழகினால் சரியாகிவிடும் என்கிறீர்கள். எங்கள் ஊரும் காலனியும் எதிரெதிரேதான் இருக்கின்றன, தாத்தா காலத்திலிருந்து தினமும் பார்த்துக்கொள்கிறோம். என்ன சரியானது?

கேட்டவர் பண்ருட்டிப் பக்கத்து முந்திரித் தோப்புக்காரர். இதுவரை வந்த கேள்விகளில் எனக்குப் பிடித்தது இதுதான், ஏனென்றால் பழகினால் போதும் என்று நானும் ரொம்ப நாள் நம்பியிருந்தேன்.

வரப்பில் நிற்கிறவரும் சேற்றில் நிற்கிறவரும் நாள் முழுக்க ஒரே வயலில்தான் இருக்கிறார்கள். அதற்குப் பெயர் பழக்கம் என்றால் இங்கே எப்போதோ எல்லாம் சரியாகியிருக்க வேண்டும். பாண்டியில் சம்பா கோயில் என்று நாம் சொல்லும் மாதா கோயிலையே எடுத்துக்கொள்ளுங்கள். 1745-ல் ஆனந்தரங்கப் பிள்ளை தன் நாட்குறிப்பில் எழுதி வைத்திருக்கிறார்: கோயிலுக்குள்ளேயே ஒரு சுவர், ஒரு பக்கம் தீண்டத்தகாதவர்கள் என்று ஒதுக்கப்பட்ட கிறிஸ்தவர்கள், மறுபக்கம் மேல்சாதிக் கிறிஸ்தவர்கள். அந்தச் சுவரை எடுக்க வேண்டும் என்று கேட்டதற்குப் பெரிய களேபரமே நடந்தது. ஒரே கூரை, ஒரே பூசை, ஒரே சாமி, நடுவே சுவர்.

கார்டன் ஆல்போர்ட் என்ற அமெரிக்கர் 1954-லேயே சொன்னார், பழக்கம் வேலை செய்ய நான்கு விஷயம் வேண்டும் என்று. அந்த இடத்திலாவது இருவரும் சமமாக இருக்க வேண்டும், இருவருக்கும் வேண்டிய ஒரு காரியம் இருக்க வேண்டும், அதை ஒருவருக்கொருவர் கை கொடுத்துச் செய்ய வேண்டும், ஊரில் பேச்சு எடுபடுகிற பெரியவர்களோ சட்டமோ அதற்குப் பின்னால் நிற்க வேண்டும். நம் ஊர்-காலனி உறவில் இந்த நான்கில் எத்தனை இருக்கிறது என்று தோப்புக்காரரிடம் கேட்டேன். விரலை மடக்க ஆரம்பித்தவர் முதல் விரலிலேயே நின்றுவிட்டார்.

அதே 1954-ல் முசாஃபர் ஷெரீஃப் என்பவர் ஓக்லஹோமாவில் ஒரு கோடை முகாமில் பதினொரு பன்னிரண்டு வயதுப் பையன்கள் 22 பேரை இரண்டு குழுவாக்கிப் போட்டி வைத்தார். கொடியை எரித்தார்கள், தங்கியிருந்த குடிலைச் சூறையாடினார்கள். சரி, சேர்த்து உட்கார வைத்துச் சோறு போட்டால் சமாதானம் ஆகிவிடும் என்று பார்த்தால் பையன்கள் சோற்றை எடுத்து ஒருவர் மேல் ஒருவர் வீசினார்கள். பிறகு முகாமுக்குத் தண்ணீர் வருவது நின்றுபோகும்படி செய்தார், சாப்பாட்டு வண்டி மக்கர் பண்ணும்படி செய்தார். எல்லாரும் சேர்ந்து கயிறு கட்டி இழுத்தால்தான் வண்டி கிளம்பும். இழுத்தார்கள். கொஞ்சம் கொஞ்சமாகச் சண்டை தணிந்தது. (பையன்களை மூட்டிவிட்டதும் அந்தப் பெரியவர்கள்தான் என்று இந்தச் சோதனையைத் திட்டுகிறவர்கள் உண்டு. நியாயமான திட்டுதான். ஆனால் நம் ஊரிலும் மூட்டிவிடுவது பெரியவர்கள்தானே?)

நமக்கு இன்னும் நெருக்கமான உதாரணம் உத்தரப் பிரதேசத்துக் கிரிக்கெட். மேட் லோ என்ற பொருளாதார ஆய்வாளர் வெவ்வேறு சாதி இளைஞர்கள் 1,261 பேரை வைத்து லீக் போட்டிகள் மூலம் ஆய்வு செய்தார். 2021-ல் ஆய்வு வெளிவந்தது. சாதி கலந்த அணியில் சேர்ந்து ஆடியவர்களுக்கு வேற்றுச் சாதி நண்பர்கள் கூடினார்கள். எதிரணியாக மட்டும் வேற்றுச் சாதிக்காரர்களைச் சந்தித்தவர்களுக்குப் பலன் நேர்மாறாகப் போனது. இதைப் படித்த அன்று நான் பொங்கல் விளையாட்டுப் போட்டிகளை நினைத்துத் தலையில் கை வைத்துக்கொண்டேன். நம் ஊரில் எல்லா அணியும் தெரு அணி. தெரு என்றால் சாதி. வருஷா வருஷம் காசு வசூல் பண்ணிக் கோப்பை வாங்கி, நாமே பகையை வளர்த்துக்கொண்டிருக்கிறோம்.

எங்கள் கூட்டத்துக்கு வரும் ஒரு தம்பி இதைக் கேட்டுவிட்டு அவன் ஊரில் சீட்டுக் குலுக்கி அணி பிரிக்கலாம் என்றான். முதல் வருஷம் இரண்டு தெரு கழன்றுகொண்டது, போட்டியே நடக்கவில்லை. இரண்டாம் வருஷம் ஊர்ப் பெரியவர் ஒருவரைப் பிடித்து, தொடக்கி வைக்க அவரே வரவேண்டும் என்று கெஞ்சி, அவர் வந்து நின்ற பிறகுதான் நடந்தது. பரிசுப் பணத்தில் சண்டை வந்தது. ஆனால் அந்தச் சண்டையில் ஒரு பக்கம் முழுக்க ஒரு தெரு, மறுபக்கம் முழுக்க இன்னொரு தெரு என்று இல்லை, கலந்துகட்டி அடித்துக்கொண்டார்கள். அவனுக்கு அதில் ஒரே சந்தோஷம்.

அப்படியானால் சமபந்தி விருந்தெல்லாம் வீணா?

வீண் என்று சொல்ல மாட்டேன். ஆகஸ்ட் 15 அன்று கோயில்களில் அதிகாரிகளும் ஜனங்களும் ஒரே பந்தியில் சாப்பிடுகிறார்கள். ஒரு காலத்தில் அதற்கே அடிதடி நடந்திருக்கும். நம் மாவட்டத்து வடலூர் தருமசாலையில் வள்ளலார் 1867 மே 23 அன்று ஏற்றி வைத்த அடுப்பு இன்னும் அணையவில்லை. பசி என்று வருகிறவரிடம் நீ யார், எந்தச் சாதி என்று அங்கே யாரும் கேட்பதில்லை. அந்தக் காலத்தில் அது எவ்வளவு பெரிய காரியம்! ஆனால் நான் தருமசாலையில் சாப்பிட்ட ஐந்தாறு தடவையும் பக்கத்து இலைக்காரரிடம் ஒரு வார்த்தை பேசாமல் எழுந்து வந்திருக்கிறேன். அது வள்ளலார் குற்றம் இல்லை.

பாரதி பாண்டியில் இருந்த வருஷங்களில், 1908-க்கும் 1918-க்கும் நடுவே, கனகலிங்கம் என்ற தலித் இளைஞருக்குப் பூணூல் போட்டுவிட்டார். துணிச்சல்தான், சந்தேகமே இல்லை. ஆனால் எங்கள் கூட்டத்தில் காலனியிலிருந்து வரும் ஒரு அண்ணன் இதைப் பற்றிச் சொன்னது மனதில் தங்கிவிட்டது: "அவரு தன் நூலைக் கழட்டிப் போட்டாரு, சரி. இவருக்கு ஏன் ஒண்ண மாட்டணும்? மேலங்கிறது எதுன்னு அளக்குற கோலு மாறலையே." ஒரு மணி நேரம் அன்றைக்கு வாக்குவாதம். எனக்கு இன்னும் முடிவுக்கு வர முடியவில்லை.

அடிபட்டவனையே அடித்தவனைப் புரிந்துகொள்ளச் சொல்வது என்ன நியாயம்?

நியாயமே இல்லை. யார் அப்படிச் சொன்னாலும், நாங்களே சொன்னாலும், எழுந்து போய்விடுங்கள்.

2003-ல் நம் மாவட்டத்தில் விருத்தாசலம் அருகே வேறு வேறு சாதியில் பிறந்து கல்யாணம் செய்துகொண்ட இளம் ஜோடியை விஷம் கொடுத்துக் கொன்றார்கள். கடலூர் நீதிமன்றத்தில் தீர்ப்பு வந்தது 2021 செப்டம்பரில். ஒருவருக்குத் தூக்கு, பன்னிரண்டு பேருக்கு ஆயுள். அந்தப் பன்னிரண்டு பேரில் காவல்துறை அதிகாரிகளும் இருந்தார்கள். மேல்முறையீட்டில் தூக்கு ஆயுளாக மாறியது. பதினெட்டு வருஷம் ஒரு குடும்பம் நீதிமன்ற வாசலில் நின்றிருக்கிறது. அவர்களிடம் போய் எதிர்த்தரப்பின் மன வேதனையையும் கொஞ்சம் பாருங்கள் என்று சொல்ல யாருக்கு வாய் வரும்?

2020-ல் இதே மாவட்டத்தில் ஒரு தலித் ஊராட்சித் தலைவியைக் கூட்டத்தில் தரையில் உட்கார வைத்தார்கள், மற்றவர்களுக்கு நாற்காலி. அந்தப் போட்டோ வெளியே வந்த பிறகுதான் வழக்கு, கைது எல்லாம். அங்கே முதலில் வேண்டியது நாற்காலி. ஒத்துணர்வு அப்புறம் வரட்டும்.

எனவே தெளிவாகவே சொல்லிவிடுகிறேன். வன்கொடுமை நடந்தால் புகார், வழக்கு. 1989-ம் வருஷத்து வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் அதற்காகத்தான் இருக்கிறது, 14566 என்ற இலவச உதவி எண்ணும் இருக்கிறது. "ஒரே ஊர்ல இருந்துகிட்டு கேஸ் எதுக்கு, உக்காந்து பேசிக்கலாம்" என்று கட்டப்பஞ்சாயத்துக்குக் கூப்பிடுகிறவர்கள் ஒத்துணர்வு பேசுகிற மாதிரியே பேசுவார்கள், ஏமாந்துவிடாதீர்கள். கேட்கிற வேலை முதலில் மேலே இருப்பவருடையது. நாற்காலியில் உட்கார்ந்திருப்பவர் கேட்க வேண்டும், தரையில் உட்கார்ந்திருப்பவர் அவருக்குத் தோன்றினால் பேசுவார், தோன்றாவிட்டால் பேசமாட்டார்.

மன்னித்தே ஆக வேண்டுமா?

வேண்டாம்.

ஒத்துணர்வே நம் ஆட்கள் பக்கம்தானே சாய்கிறது?

சாய்கிறது. பால் ப்ளூம் என்ற உளவியல் பேராசிரியர் இதை வைத்து ஒத்துணர்வே ஆபத்தான வழிகாட்டி என்று வாதாடுகிறார். டார்ச் லைட் மாதிரி, அடிக்கிற இடம் மட்டும் தெரியும், நம் முகம் போன்ற முகத்தின் மேல்தான் சட்டென்று அடிக்கும் என்பது அவர் கட்சி. பாதிக்குப் பாதி எனக்கு உடன்பாடு. 2004 சுனாமிக்குப் பிறகு நிவாரணம் கொண்டுவந்தவர்கள் கண்ணுக்கு உடைந்த படகு தெரிந்தது. படகு இல்லாமல் மீன் கூடை சுமந்தவர்கள், கழிமுகத்தில் கையால் இறால் தடவிப் பிழைத்தவர்கள், அவர்களுக்கு உடைந்து காட்ட ஒன்றும் இல்லை. கணக்கெடுத்தவர் கல்நெஞ்சக்காரர் என்று சொல்ல முடியாது, அவர் கேட்ட கேள்வி "எத்தனை படகு போச்சு" என்பது. "நேத்து வரைக்கும் எப்படிப் பொழச்சீங்க" என்று கேட்டிருந்தால் வேறு பட்டியல் வந்திருக்கும்.

குடும்ப வாட்ஸ்அப் குழுவில் வெறுப்புப் பேச்சு வந்தால் என்ன செய்வது? சண்டை போட்டால் உறவு போகிறது, சும்மா இருந்தால் மனசு கேட்கவில்லை.

குழுவில் பதில் போடாதீர்கள். நாற்பது பேர் பார்க்கும்போது யாரும் மனசு மாற மாட்டார்கள், மானம்தான் முன்னால் நிற்கும். தனியாக போன் பண்ணுங்கள், முடிந்தால் நேரில் போங்கள்.

என் சித்தப்பா நெல்லிக்குப்பத்தில் இருக்கிறார். 2023 மார்ச்சில் தமிழ்நாட்டில் பீகார்த் தொழிலாளர்களைக் கொல்கிறார்கள் என்று பொய் வீடியோக்கள் பரவி, பாவம் அவர்கள் பயந்து ரயில் ஏறினார்களே, அந்தச் சமயம். சித்தப்பா குழுவில் "நல்லதாப் போச்சு, போகட்டும்" என்று போட்டார். புள்ளிவிவரத்தோடு பெரிய பதிலாக அடித்து, அனுப்பாமல் அழித்தேன். அந்த ஞாயிறு நேரில் போனேன்.

"சித்தப்பா, வயசுல பம்பாய்ல இருந்தீங்கள்ல. அங்க உங்கள என்னன்னு கூப்பிடுவாங்க?"

"ஏன், திடீர்னு?"

"சும்மாதான் கேக்கறேன்."

"மதராசின்னுவான். வேற என்ன?" கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம் அவரே, "கைலி கட்டிக்கிட்டு தெருவுல எறங்க பயம். கடையில தமிழ் பேப்பரை மடிச்சி சட்டைக்குள்ள வச்சிக்குவோம்" என்றார். 1960-களின் கடைசியில் அங்கே தென்னிந்தியர்கள் வேலையைப் பறிக்கிறார்கள் என்று கிளம்பிய கலாட்டாவில் அவர் வேலை பார்த்த ஓட்டலில் கல் விழுந்திருக்கிறது. இத்தனை வருஷத்தில் எங்களிடம் அவர் இதைச் சொன்னதே இல்லை. பீகார் என்ற வார்த்தையை நான் எடுக்கவே இல்லை. கிளம்பும்போது அவர்தான் சொன்னார், "இங்க டைல்ஸ் ஒட்ட ஒரு பையன் வந்தான், ஒரிசாக்காரன். பேரு கேக்கல."

ஒரே நாளில் திருந்திவிட்டார் என்று நினைக்காதீர்கள், இப்போதும் ஏதாவது ஃபார்வர்டு வரத்தான் செய்கிறது, ஆனால் அந்த விஷயத்தில் இல்லை. இந்த முறை நான் கண்டுபிடித்தது இல்லை. மயாமியில் ப்ரூக்மன், கல்லா என்ற இருவர் செய்த ஆய்வு 2016-ல் வந்தது. வீடு வீடாகப் போய்ப் பத்து நிமிஷம், வாதாடாமல், நீங்கள் வித்தியாசமானவர் என்று உங்களை ஒதுக்கிய அனுபவம் ஏதாவது உண்டா என்று கேட்டுப் பேச விட்டார்கள். திருநங்கை, திருநம்பிகள் மேல் இருந்த வெறுப்பு குறைந்தது, குறைந்தபட்சம் மூன்று மாசம் நிலைத்தும் இருந்தது.

பிள்ளைகளுக்கு இதை எப்படிச் சொல்லிக் கொடுப்பது?

சொல்லிக் கொடுக்க ஒன்றும் இல்லை. அவர்கள் கையில் சாதிக் கயிறு கட்டிவிடுவது நாம். நாங்குநேரியில் 2023 ஆகஸ்டில் பள்ளி மாணவனை வீடு புகுந்து வெட்டிய பிறகு அரசு அமைத்த நீதிபதி சந்துரு குழு, கயிறு, மோதிரம், நெற்றிக் குறி எல்லாவற்றையும் தடை செய்யச் சொல்லி 2024-ல் அறிக்கை கொடுத்தது. தடை வேண்டும். ஆனால் கயிற்றை அறுத்துவிட்டு அதே பெஞ்சில் அதே கூட்டாளிகளோடு உட்கார விட்டால் பிரயோசனம் குறைவு.

நான் வகுப்பில் செய்வது எலியட் ஆரன்சன் என்பவர் 1971-ல் டெக்சாஸ் மாநிலத்தின் ஆஸ்டின் நகரத்தில் தொடங்கியது. கறுப்பர், வெள்ளையர், மெக்சிகோ வம்சாவளிப் பிள்ளைகள் முதல்முறை ஒரே வகுப்பில் சேர்ந்து ஓயாமல் சண்டை நடந்த சமயம். பாடத்தை ஐந்தாறு துண்டாக்கி, கலந்த குழுவில் ஆளுக்கொரு துண்டு கொடுத்துவிட வேண்டும். மற்றவன் வாய் திறந்தால்தான் எனக்குப் பாடம் முழுசாகும். முதல் வாரம் என் வகுப்பில் ஒரே இரைச்சல், பக்கத்து வகுப்பு சார் வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போனார். மூன்றாம் வாரம், அதுவரை யாரும் பேச்சு கொடுக்காத ஒரு பையனைச் சுற்றி நாலு பேர் "டேய், மெதுவா சொல்றா, எழுதிக்கிறோம்" என்று உட்கார்ந்திருந்தார்கள். அவனிடம் இருந்தது தென்பெண்ணை ஆறு பற்றிய துண்டு.

நான் தனி ஆள். எங்கே ஆரம்பிப்பது?

உங்கள் தெருவிலேயே, தினமும் பார்த்துத் தலையாட்டுகிற, ஆனால் பெயர் தெரியாத ஒருவர் கண்டிப்பாக இருப்பார். குப்பை வண்டி அக்காவாக இருக்கலாம், செக்யூரிட்டி தாத்தாவாக இருக்கலாம். பெயர் கேளுங்கள். அடுத்த வாரம் இன்னொன்று கேளுங்கள். பேட்டி எடுக்கிற மாதிரி குடையாதீர்கள், போட்டோ எடுத்து ஸ்டேட்டஸ் போடாதீர்கள். அவர் பதிலுக்கு உங்களை ஏதாவது கேட்டால் உண்மையைச் சொல்லுங்கள், ஏனென்றால் கேள்வி ஒரு பக்கமாகவே போனால் அது விசாரணை.

மழை பெய்தால் கூட்டம் உண்டா?

உண்டு, டீக்கடைப் பந்தலுக்குள். டீ அவரவர் காசு. பாகூர் ஐயாவுக்கு மட்டும் கடைசி பஸ் இருப்பதால் ஏழரைக்கு முடித்துவிடுவோம்.